தொகுப்பு மேசையில் எழுதிய படங்கள்: ஹெலன் வான் டோங்கனின் தொழில் வாழ்க்கை

ராபர்ட் ஃப்ளாஹர்டியின் 'லூசியானா ஸ்டோரி' 1948இல் வெளிவந்தது. அந்த ஆண்டுப் படங்களுக்கான ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியலில், சிறந்த கதைக்கான பிரிவில் ஃப்ளாஹர்டியின் பெயரும் அவர் மனைவி ஃபிரான்சிஸின் பெயரும் இடம்பெற்றன. படத்துக்கு இசையமைத்த வர்ஜில் தாம்சனுக்கு 1949இல் புலிட்சர் பரிசு கிடைத்தது. அதுவரை எந்தத் திரைப்பட இசைக்கும் கிடைத்திராத பரிசு அது. கதைக்குப் பரிந்துரை, இசைக்குப் பரிசு. இத்தனைக்கும் இந்தப் படத்தில் பேச்சு மிகக் குறைவு. தாளில் ஒரு கதைச் சுருக்கம் இருந்தது உண்மைதான். எந்தக் காட்சிக்குப் பின் எது வரும், எது எவ்வளவு நேரம் நிற்கும், எங்கே ஓசை, எங்கே அமைதி என்பதெல்லாம் அந்தத் தாளில் கிடையாது. அவற்றை முடிவு செய்தவர் தொகுப்பாளரும் இணைத் தயாரிப்பாளருமான ஹெலன் வான் டோங்கன். விருதுப் பட்டியல்கள் எதிலும் அவர் இல்லை.

கதைப்படத்தின் தொகுப்பாளர் மேசைக்கு வந்து உட்காரும்போது கையில் திரைக்கதை இருக்கும். ஒரே காட்சியை நான்கு கோணங்களில் எடுத்திருப்பார்கள். எந்தக் கோணம், எந்த நொடியில் மாற்றுவது என்பதே பெரும்பாலும் அவருக்கு முன்னிருக்கும் கேள்வி. ஆவணப்படத்தில் கேள்வியே வேறு. இந்தப் படம் எதைப் பற்றியது? படப்பிடிப்பெல்லாம் முடிந்த பிறகும் இதற்கு விடை தெரியாமல் மேசைக்கு வந்து சேர்ந்த படங்கள் ஏராளம். 35 மி.மீ. படச்சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். 78 நிமிடப் படம் என்றால் சுமார் 7,000 அடி. ஃப்ளாஹர்டி போன்றவர்கள் எடுத்துக் குவித்ததோ அதைப்போலப் பல மடங்கு. அந்தக் குவியலுக்குள் தலை எது, வால் எது என்று கண்டுபிடிப்பதுதான் படத்தை எழுதுவது. எனவே ஆவணப்படத் தொகுப்பாளரைப் படத்தின் இணை ஆசிரியர் என்றே சொல்ல வேண்டும் என்பது என் கட்சி. அப்படிச் சொன்னால் இன்னொன்றுக்கும் தயாராக இருக்க வேண்டும். பெருமையில் பங்கு கேட்பவர் பழியிலும் பங்கு ஏற்க வேண்டும். வான் டோங்கனின் இருபத்திரண்டு ஆண்டுத் தொழில் வாழ்க்கை இரண்டுக்குமே சான்றுகள் தருகிறது.

அவர் 1909இல் ஆம்ஸ்டர்டாமில் பிறந்தவர். பல மொழிகள் தெரியும் என்பதால் ஒளிப்படக் கருவிகள் விற்கும் நிறுவனம் ஒன்றில் கடிதப் போக்குவரத்தைக் கவனிக்கும் செயலாளராகச் சேர்ந்தார். நிறுவனத்தை நடத்தியவரின் மகன் யோரிஸ் இவென்ஸ். கடையில் விற்கும் கேமராக்களை எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கிப் படம் பிடிக்கத் தொடங்கியிருந்த இளைஞர். ரோட்டர்டாமின் ரயில் தூக்குப் பாலத்தைப் பற்றி 1928இல் அவர் எடுத்த 'பாலம்' படத்திலிருந்தே வான் டோங்கனும் கூட இருந்தார். கணக்கு எழுதுவது, சுருள்களைப் பதிவு செய்வது, கேமரா தூக்குவது, வெட்டுவது, ஒட்டுவது என்று எல்லாம் செய்தார். அந்தச் சிறு குழுவில் வேலைப் பிரிவினை என்று ஒன்றும் கிடையாது. தொகுப்பு வேலை அவர் கைக்கு வந்து சேர்ந்ததற்கு அக்காலத்துத் தொழில் வழக்கமும் ஒரு காரணமாக இருக்கலாம். மௌனப்பட நாள்களில் பல நாட்டுப் படக்கூடங்களில் படச்சுருளை வெட்டி ஒட்டுவது தையல் வேலையைப் போலப் பெண்களின் கைவேலையாகக் கருதப்பட்டது. பொறுமை வேண்டும், கை சுத்தம் வேண்டும், சம்பளம் குறைவாகக் கொடுத்தால் போதும். இப்படி ஒதுக்கப்பட்ட இடத்திலிருந்துதான் சில பெண்கள் சினிமாவின் இலக்கணத்தையே எழுதினார்கள் என்பது வரலாற்றின் வேடிக்கை. சோவியத் ஒன்றியத்தில் எஸ்ஃபிர் ஷூப் பழைய செய்திப்படச் சுருள்களைக் கொண்டு 1927இல் 'ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி'யை உருவாக்கினார். ஜிகா வெர்தோவின் 'மூவி கேமராவுடன் ஒரு மனிதன்' (1929) படத்தில், தொகுப்பு மேசையில் சுருள்களை எடுத்துப் பார்த்து வெட்டும் பெண் ஒருவர் திரையிலேயே தோன்றுகிறார். அவர் எலிசவெத்தா ஸ்விலோவா, அந்தப் படத்தின் தொகுப்பாளர், வெர்தோவின் மனைவி.

இவென்ஸின் 'மழை' (1929) பன்னிரண்டு நிமிடங்கள் ஓடும் படம். ஆம்ஸ்டர்டாமில் ஒரு மழை வருவதும் பெய்வதும் விடுவதும்தான் கதை. பார்ப்பவருக்கு அது ஒரே பிற்பகலின் மழை. உண்மையில் பல மாதங்களில் பெய்த பல மழைகள் அதில் இருக்கின்றன. வெவ்வேறு நாள்களின் ஒளியை ஒரே நாளாக்கும் வித்தை முழுவதும் ஒட்டுகளில் இருக்கிறது. இந்தப் படத்துக்கு 1932இல் லூ லிக்ட்வெல்டின் இசையோடு ஒலிப் பதிப்பு தயாரானபோது அதைத் தொகுத்தவர் வான் டோங்கன். அதற்குள் அவர் ஒலியைத் தனியாகவே கற்றிருந்தார். பாரிஸுக்கு அருகிலிருந்த டோபிஸ் ஒலிக்கூடத்தில் 'பிலிப்ஸ் ரேடியோ' (1931) படத்தின் ஒலி வேலையில் ஈடுபட்டார். பேசும்படம் வந்து சில ஆண்டுகளே ஆகியிருந்த நேரம். பலருக்கு ஒலி என்றால் வசனம், பாட்டு. தொழிற்சாலை இயந்திரங்களின் இரைச்சலை வெட்டி அடுக்கித் தாளமாக்கலாம் என்று ஒருவர் இருபத்திரண்டு வயதில் கற்றுக்கொண்டது பின்னாளில் வட்டியோடு திரும்பக் கிடைத்தது.

அவருடைய ஐரோப்பிய ஆண்டுகளில் நான் மிக உயர்வாக மதிப்பது 'புதிய மண்' (1933). ஸைடர்ஸே என்ற உள்கடலை அணைகட்டி அடைத்து, நீரை வெளியேற்றி, வயலாக்கிய டச்சுப் பொறியியல் சாதனைதான் பொருள். 1932 மே 28 அன்று அணையின் கடைசி இடைவெளி மூடப்பட்டது. அந்தத் தருணத்தைப் படமெடுக்க இவென்ஸ் கேமராக்களுக்குத் தனித்தனிக் கட்சி ஒதுக்கினார்: ஒன்று நிலத்தின் பக்கம், ஒன்று கடலின் பக்கம், ஒன்று களிமண்ணை அள்ளிக் கொட்டும் பாரந்தூக்கியின் பக்கம். படப்பிடிப்பில் இது ஒரு நல்ல யோசனை, அவ்வளவுதான். அது காட்சியானது மேசையில். அணை முனைகள் ஒன்றையொன்று நெருங்க நெருங்க, இடைவெளி குறுகக் குறுக, நீரின் வேகம் கூடும். அதற்கேற்ப ஷாட்டுகளின் நீளம் சுருங்குகிறது. மூன்று கட்சிகளும் முட்டி மோதுகின்றன. ஹான்ஸ் ஐஸ்லரின் இசை அதன்மேல் ஏறிவருகிறது. கடைசியில் நீர் நிற்கிறது. பார்ப்பவர் மூச்சு விடுகிறார்.

படம் அங்கே முடிந்திருந்தால் அரசின் விளம்பரப் படமாக இருந்திருக்கும். முடியவில்லை. கடலிலிருந்து மீட்ட மண்ணில் கோதுமை விளைகிறது. உலகமோ பொருளாதார மந்தத்தில் கிடக்கிறது. விலை சரியக்கூடாது என்று தானியத்தைக் கடலில் கொட்டுகிறார்கள், பட்டினி கிடப்பவர்கள் ஊர்வலம் போகிறார்கள். பிறர் எடுத்த செய்திப்படத் துண்டுகளைக் கொண்டுவந்து இந்த இறுதிப் பகுதி தொகுக்கப்பட்டது. அதுவரை நாம் வியந்து பார்த்த அத்தனை உழைப்பும் அந்தச் சில நிமிடங்களில் கசந்துபோகிறது. ஏற்கெனவே எடுத்த ஒரு ஷாட்டைக்கூட மாற்றாமல், அதற்குப் பின்னால் எதை வைக்கிறோம் என்பதை மட்டும் மாற்றி, படத்தின் பொருளையே தலைகீழாக்க முடியும் என்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் எனக்குத் தெரியாது. இவென்ஸின் அரசியல் அதில் இருக்கிறது; வான் டோங்கனின் கை அதில் இருக்கிறது. இரண்டையும் பிரித்து எடைபோட முடியாது, போடவும் வேண்டாம்.

1930களின் நடுவில் மாஸ்கோவில் சிறிது காலம் இருந்து சோவியத் திரைப்பட மேதைகளிடம் பாடம் கேட்டார், பிறகு அமெரிக்கா. ஸ்பானிய உள்நாட்டுப் போர் தொடங்கியதும், கிடைத்த செய்திப்படச் சுருள்களைக் கொண்டு 'தீயில் ஸ்பெயின்' என்ற தொகுப்புப் படத்தை நியூயார்க்கில் உருவாக்கினார். அது போதவில்லை, நேரில் போய் எடுக்க வேண்டும் என்று ஆனது. இவென்ஸும் ஒளிப்பதிவாளர் ஜான் ஃபெர்னோவும் ஸ்பெயினில். சுருள்கள் கடல் கடந்து வந்து சேர்வது வான் டோங்கனின் அறைக்கு. 'ஸ்பானிய மண்' (1937) அப்படி உருவான படம்.

போர்முனையில் திட்டம் என்ன பாடுபடும் என்பதற்கு அந்தப் படத்திலேயே ஓர் எடுத்துக்காட்டு உண்டு. ஹூலியன் என்ற இளம் சிப்பாயைப் பின்தொடர்ந்து போரைச் சொல்லலாம் என்று நினைத்தார்கள். ஊருக்கு விடுப்பில் வந்த அவனைப் படமெடுத்தார்கள். பிறகு போர்க்களத்தின் குழப்பத்தில் அவன் கிடைக்கவே இல்லை. நாயகன் பாதியில் காணாமல் போன படம்! மேசையில் வேறு முதுகெலும்பு தேட வேண்டியிருந்தது. தரிசு நிலத்துக்குத் தண்ணீர் கொண்டுவரக் கால்வாய் வெட்டும் கிராமம் ஒரு பக்கம், அந்த விளைச்சல் போய்ச்சேர வேண்டிய மாட்ரிட் நகரின் தற்காப்பு மறுபக்கம். இரண்டும் மாறி மாறிப் பின்னப்படுகின்றன, ஒரே சாலை அவற்றை இணைக்கிறது. ஹூலியன் இப்போது அந்தப் பின்னலில் வந்துபோகும் ஒரு முகம் மட்டுமே.

ஒலி தனிக்கதை. களத்தில் ஒலி பதிவு செய்யவில்லை. துப்பாக்கிச் சத்தம் முதல் காலடி வரை எல்லாம் நியூயார்க்கில் சேர்த்தவை. விமானக் குண்டுவீச்சின் ஓசைக்கு, 1936இல் வந்த 'சான் பிரான்சிஸ்கோ' என்ற ஹாலிவுட் படத்தின் நிலநடுக்க ஒலியை எடுத்துப் பின்னோக்கி ஓட்டிப் பயன்படுத்தினார்கள். இதைக் கேட்டதும் "அப்படியானால் பொய்தானே?" என்று கேட்பவர்கள் உண்டு. விழுந்த குண்டு உண்மை, செத்த குழந்தைகள் உண்மை. ஒலிதான் இரவல். எனக்கு அதில் உறுத்தல் இல்லை. ஆனால் உறுத்தல் வர வேண்டிய இடம் ஒன்று இருக்கிறது. அதற்குச் சற்றுப் பின்னால் வருகிறேன். அந்தப் படத்துக்கு முதலில் ஆர்சன் வெல்ஸின் குரலில் வர்ணனை பதிவாகி, பிறகு அதை நீக்கிவிட்டு, எழுதிய ஹெமிங்வேயே பேசினார் என்பது எல்லோருக்கும் தெரிந்த செய்தி. வர்ணனைக்கு இத்தனை மௌன இடம் விட்டு வெட்டியவர் யார் என்று எவரும் கேட்பதில்லை.

சீனாவைப் பற்றிய '40 கோடி மக்கள்' (1939), கிராமங்களுக்கு மின்சாரம் வருவதைப் பற்றிய 'மின்சாரமும் நிலமும்' (1940) ஆகியவற்றோடு இவென்ஸுடனான கூட்டு ஏறக்குறைய முடிகிறது. அதன் பிறகு ஃப்ளாஹர்டி வந்தார்.

இரண்டு இயக்குநர்களும் இரு துருவம். என்ன சொல்லப்போகிறோம் என்று தெரிந்துகொண்டு படமெடுப்பவர் இவென்ஸ். ஃப்ளாஹர்டியோ, கேமராவை ஓடவிட்டுக்கொண்டே தேடுபவர். அமெரிக்க வேளாண் துறைக்கு 'நிலம்' என்ற படத்தை எடுக்க ஊர் ஊராகச் சுற்றினார்: மண் அரிப்பு, வேலையில்லாத விவசாயிகள், புலம்பெயர்ந்த கூலிகள், புதிய இயந்திரங்கள். திரைக்கதை இல்லை, வரிசை இல்லை. வான் டோங்கன் என்ன வேண்டும் என்று கேட்டால் தெளிவான பதில் வராது. முதலில் திகைத்துப்போன அவர், பிறகு வழி கண்டுபிடித்தார். சுருள்களைத் திரையிடும்போது திரையைப் பார்ப்பதோடு ஃப்ளாஹர்டியையும் பார்க்கத் தொடங்கினார். எந்த ஷாட்டில் அவர் நிமிர்ந்து உட்காருகிறார், எதில் சிகரெட் தேடுகிறார், படத்துக்குச் சம்பந்தமே இல்லாததுபோல் தோன்றும் எந்தப் பேச்சை அப்போது எடுக்கிறார் என்பதையெல்லாம் மனத்தில் குறித்துக்கொண்டு மேசைக்குப் போனார். எந்தத் திரைப்படப் பள்ளியும் கற்றுத்தராத திறமை இது. ஆவணப்படத் தொகுப்பாளர்கள் பலரும் இன்றும் இதை வைத்துத்தான் பிழைக்கிறார்கள். படம் 1942இல் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் திரையிடப்பட்டது. நாடு போரில் இறங்கிவிட்ட நேரத்தில் பசியைக் காட்டும் படம் யாருக்கும் வேண்டியிருக்கவில்லை. அரசு அதை அடக்கி வைத்துக்கொண்டது.

போர்க்காலத்தில் சோவியத் செய்திப்படங்களிலிருந்து 'போரில் ரஷ்யர்கள்' (1943) படத்தைத் தானே உருவாக்கினார். 1944இல் இவென்ஸை மணந்தார். டச்சு அரசு இவென்ஸைக் கிழக்கிந்தியத் தீவுகளுக்கான திரைப்பட ஆணையராக்கியபோது இவருக்கும் அதில் பொறுப்பு கிடைத்தது. இந்தோனேசிய விடுதலையை டச்சு அரசு எதிர்ப்பதைக் கண்டு இவென்ஸ் 1945இல் பதவியை உதறி, சிட்னியில் 'இந்தோனேசியா அழைக்கிறது' படத்தை எடுத்தார். வான் டோங்கன் அமெரிக்காவிலேயே இருந்தார். மணவாழ்வும் நிலைக்கவில்லை.

1946இல் ஃப்ளாஹர்டி மறுபடி அழைத்தார். லூசியானாவில் ஆபெவில் என்ற சிற்றூரில் வீடு எடுத்து, சதுப்பு நிலத்தில் வாழும் ஒரு சிறுவனையும் அங்கே வந்திறங்கும் எண்ணெய்த் துரப்பணக் கோபுரத்தையும் பற்றிப் படம். ஒளிப்பதிவு இளம் ரிச்சர்ட் லீக்காக். இம்முறை வான் டோங்கன் சுருள்களுக்காகக் காத்திருக்கவில்லை, களத்திலேயே தங்கினார். எடுப்பதைக் கவனித்தார், என்ன குறைகிறது என்று சொன்னார், நாள்தோறும் நாட்குறிப்பு எழுதினார். அந்த நாட்குறிப்பில் மரியாதையும் எரிச்சலும் சமமாகவே இருக்கின்றன. இயக்குநரின் மேதைமையைப் பற்றி எழுதியவர்கள் ஏராளம். அந்த மேதைமையோடு அன்றாடம் வேலை செய்வது எப்படிப்பட்டது என்பதற்கு இதுபோன்ற சாட்சியம் குறைவு.

படத்தின் இரண்டு பகுதிகளைப் பற்றி வான் டோங்கனே விரிவாக எழுதிய குறிப்புகள் கரேல் ரைஸின் 'திரைப்படத் தொகுப்பின் நுட்பம்' (1953) நூலில் இடம்பெற்றன. முதலாவது தொடக்கக் காட்சி. தாமரை இலை, முதலை, மரங்களில் தொங்கும் பாசி, நிழல்களுக்கிடையே மெல்ல வரும் ஓடம், அதில் சிறுவன். இவற்றுக்குள் கதைத் தொடர்ச்சி எதுவும் கிடையாது. எப்படியும் மாற்றி அடுக்கலாம்போல் தோன்றும். மாற்றிப் பார்த்தால் மாயம் கலைந்துவிடும். அசைவின் திசை, வேகம், ஒளியின் அடர்த்தி, முந்தைய ஷாட் மனத்தில் விட்டுச்சென்ற உணர்வு எல்லாம் சேர்ந்துதான் அடுத்த ஷாட்டைத் தீர்மானிக்கின்றன என்பதே அவர் விளக்கத்தின் சாரம்.

இரண்டாவது, துரப்பணக் காட்சி. பகலில் எடுத்ததில் ஃப்ளாஹர்டிக்கு நிறைவில்லை. இரவில் விளக்கொளியில் மறுபடி எடுத்தார்கள். குழாய்கள் இறங்குகின்றன, சங்கிலி சுழன்று இறுகுகிறது, சிறுவன் வாய்பிளந்து பார்க்கிறான். புலிட்சர் பெற்ற இசை இந்தக் காட்சியில் ஒரு சுரம்கூட ஒலிப்பதில்லை. எல்லாமே இயந்திர ஓசை. இயந்திரத்தின் உறுமல், சங்கிலியின் கிணுக்கு, குழாய் மோதும் கணீர், பிரேக்கின் கிறீச்சு எனத் தனித்தனித் தடங்களாகப் பிரித்து, எது முன்னால், எது பின்னால், எது எப்போது ஓயும் என்று கலந்திருக்கிறார். 1931இல் ரேடியோ தொழிற்சாலையில் தொடங்கிய படிப்பின் முதிர்ச்சி இது. படத்திலேயே ஆகச் சிறந்த இசை இதுதான் என்பேன். தாம்சனின் ரசிகர்கள் பொறுத்தருள்க.

உறுத்தல் இங்கேதான் இருக்கிறது. படத்துக்குப் பணம் கொடுத்தது நியூஜெர்சி ஸ்டாண்டர்டு ஆயில் நிறுவனம். படத்தில் நிறுவனத்தின் பெயர் வராது. அது தாராள மனம் போலவும் இருந்தது, கெட்டிக்காரத்தனமாகவும் இருந்தது. கிணறு ஒருமுறை பீறிட்டு வெடிக்கிறது, அடக்குகிறார்கள், எண்ணெய் கிடைக்கிறது, கோபுரம் போய்விடுகிறது, சதுப்பு நிலம் பழையபடி. சிறுவன் கிணற்றின் தலையில் ஏறி உட்கார்ந்து கையசைக்கிறான். லூசியானாக் கடலோரத்தை எண்ணெய்த் தொழிலின் கால்வாய்களும் கசிவுகளும் பின்னாளில் என்ன செய்தன என்று தெரிந்தவர்கள் இந்தக் காட்சியை அமைதியாகப் பார்க்க முடியாது. கோபுரத்தை அழகாக்கியது ஒளிப்பதிவு மட்டுமல்ல, அந்த ஒலிக்கலவையும்தான். 'புதிய மண்'ணில் பொறியியலின் வெற்றிக்குப் பின்னால் கோதுமை கடலில் விழும் காட்சியை வைத்த அதே கை, பதினைந்து ஆண்டு கழித்து எண்ணெய்க் கிணற்றுக்குப் பின்னால் புன்னகையை வைத்தது. முன்னதில் சொந்தப் படம்போல உழைத்தார். பின்னதில் காசு நிறுவனத்துடையது, பார்வை ஃப்ளாஹர்டியுடையது, பாதகமான துண்டு ஒன்றுகூடக் குவியலில் இல்லை. தொகுப்பாளர் எதையும் சொல்லவைக்கலாம் என்பது பாதி உண்மை. எடுக்கப்படாததை ஒட்ட முடியாது.

1950இல், 41 வயதில், ஐக்கிய நாடுகள் சபைக்காக மனித உரிமைகள் பற்றி ஒரு படம் முடித்துக்கொடுத்துவிட்டு அவர் தொழிலை விட்டார். சோவியத் செய்தி நிறுவனமான டாஸின் அமெரிக்க அலுவலகத்தை முன்பு நடத்திய கென்னத் டூரன்டை மணந்து வெர்மான்ட் மாநிலத்துக்குப் போனார். அமெரிக்காவில் இடதுசாரித் தொடர்புள்ளவர்களைக் குறிவைத்து விசாரணைகள் நடந்துகொண்டிருந்த ஆண்டுகள் அவை.

அவருக்குப் பின் வந்தவர்களுக்குக் கொஞ்சம் கூடுதல் இடம் கிடைத்தது. சார்லட் ஸ்வெரின், மேசில்ஸ் சகோதரர்களின் 'சேல்ஸ்மேன்' (1969), 'கிம்மி ஷெல்டர்' (1970) படங்களைத் தொகுத்தவர். இரண்டிலும் இணை இயக்குநராகப் பெயர் பெற்றார். கச்சேரியில் நடந்த கொலையின் காட்சியை ரோலிங் ஸ்டோன்ஸ் குழுவினரே தொகுப்பு மேசையில் பார்ப்பதைப் படமாக்கி, அதையே படத்தின் சட்டகமாக்கியது ஸ்வெரினின் யோசனை. ஆஸ்கரின் தொகுப்புப் பிரிவில் 'வுட்ஸ்டாக்'குக்காக தெல்மா ஸ்கூன்மேக்கர் பரிந்துரைக்கப்பட்டார்; 1994இன் 'ஹூப் டிரீம்ஸ்' பரிந்துரைக்கப்பட்டது. ஆவணப்படங்கள் அந்தப் பிரிவை எட்டுவது இன்றும் அபூர்வம். சிறந்த ஆவணப்படத்துக்கான ஆஸ்கர் சிலையோ இயக்குநருக்கும் தயாரிப்பாளருக்கும் போகிறது.

வெர்மான்டில் வான் டோங்கன் கணவரோடு சேர்ந்து, அடிரோண்டாக் மலைப்பகுதியின் மரப்படகுகளைப் பற்றிய ஆராய்ச்சியில் இறங்கினார். கணவர் 1972இல் இறந்தார். சேர்ந்து தொடங்கிய நூல் 1980இல் இருவர் பெயரிலும் வெளிவந்தது. லூசியானா நாட்குறிப்பு அச்சேற 1998 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 2006இல் 97 வயதில் காலமானார்.

நம் ஊர்த் திரைப்படச் சங்கங்கள் 'ஸ்பானிய மண்'ணையோ 'லூசியானா ஸ்டோரி'யையோ அடுத்த முறை திரையிடும்போது அழைப்பிதழில் இயக்குநர் பெயருக்குப் பக்கத்திலேயே, அதே எழுத்து அளவில், ஹெலன் வான் டோங்கன் என்றும் அச்சிடட்டும்.